மின்வண்டியில் நகர்வலம்

ஊரிலிருந்து உறவினர் எவரேனும் வந்தால் மும்பையில் வாழும் நாம் செய்வது பெரும்பாலும் ஒன்றுதான். மறுநாளே கேட்வேக்கு அழைத்துச் செல்கிறோம். தாஜ் ஓட்டலை வெளியே நின்று காட்டுகிறோம். புறாக்களுக்கு நடுவே நிறுத்திப் படம் எடுக்கிறோம். மாலையில் மாட்டுங்காவுக்குத் திரும்பிக் காப்பி குடித்து, "மும்பை பார்த்தாயிற்று" என்று முடித்துக்கொள்கிறோம். இவ்வாறு ஒருவருக்கு நான் ஊர் காட்டப் போன அனுபவத்தை இங்கே எழுதுகிறேன். இடையில் சிறிது கணக்கும் வரும். விஞ்ஞானம் படிப்பவன் எழுதினால் கணக்கில்லாமல் இராது, நண்பர்கள் பொறுத்தருள்க.

2021 டிசம்பரில் என் பெரியப்பா திருநெல்வேலியிலிருந்து வந்திருந்தார். அவர் இந்நகருக்குப் புதியவர் அல்லர். 1970-இல், தம் 21-ஆம் வயதில், டைப்ரைட்டிங் ஹையரும் ஷார்ட்ஹேண்ட் லோயரும் தேறிய சான்றிதழ்களைத் தகரப் பெட்டியில் வைத்துக்கொண்டு விக்டோரியா டெர்மினஸில் வந்து இறங்கியவர். கோட்டைப் பகுதிக் கம்பெனி ஒன்றில் தட்டெழுத்தராகச் சேர்ந்து, 37 ஆண்டுகள் அங்கேயே உழைத்து, 2007-இல் ஓய்வு பெற்று ஊர் திரும்பினார். நானோ மும்பைக்கு வந்து சில மாதங்களே ஆகியிருந்தன. ஆயினும் அவர் என்னிடம் கேட்டது இது: "கேட்வேயை ஒரு நாள் சாவகாசமாப் பாக்கணும்டே. முப்பத்தேழு வருசம் அந்தப் பக்கம் போய்ட்டு வந்தேன். ஒரு நாள்கூட நின்னு பாத்ததில்ல."

அவருக்கு முழங்கால் வலி. நூறு அடி நடந்தால் நிற்க வேண்டும். கோட்டைப் பகுதியை நடந்து பார்ப்பதென்பது நடவாத காரியம். அப்போதுதான் மின்சார விக்டோரியா வண்டி என் நினைவுக்கு வந்தது.

விக்டோரியா என்பது பம்பாய்த் தெருக்களில் நூறாண்டுக்கு மேலாக ஓடிய நான்கு சக்கரக் குதிரை வண்டி. 1972-இல் வந்த 'விக்டோரியா நம்பர் 203' என்னும் இந்திப் படம் அதன் பெயரை நாடெங்கும் பரப்பியது. காலப்போக்கில் அது போக்குவரத்துக்கு உதவுவது நின்று, கடற்கரையில் வெள்ளிச் சரிகை போர்த்து உல்லாசச் சவாரிக்கு மட்டுமே நின்றது. குதிரைகள் படும் துன்பத்தைக் காட்டித் தொடுக்கப்பட்ட வழக்கில், 2015 ஜூனில் பம்பாய் உயர்நீதிமன்றம் இவ்வுல்லாசச் சவாரி சட்டத்துக்குப் புறம்பானது என்று தீர்த்து, ஓராண்டுக்குள் நிறுத்துமாறு பணித்தது. குதிரை போனபின் வண்டியின் வடிவை மட்டும் வைத்துக்கொண்டு, உள்ளே பாட்டரியும் மோட்டாரும் பொருத்தினர். அத்தகைய வண்டிகளை 2021 மார்ச்சில் அன்றைய முதலமைச்சர் உத்தவ் தாக்கரே தொடங்கி வைத்தார். குதிரைக்கு இது நல்ல விடுதலை என்பதில் ஐயமில்லை. பெரியப்பாவின் முழங்காலுக்கும் இது நல்லதே. மின்வண்டிச் சுற்றுலாவைக் குறைகூற எழுந்த கட்டுரை அன்று இது என்பதை முதலிலேயே சொல்லி வைக்கிறேன்.

வண்டியோட்டியே வழிகாட்டியும் ஆவார். இந்தியில் சொன்னார். பெரியப்பாவின் இந்தி என் இந்தியைவிட நன்று. ஆகையால் மொழிபெயர்ப்பு எனக்குத்தான் நடந்தது. புறப்பட்ட இடம் கேட்வே. 1911 டிசம்பரில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரும் மேரி அரசியும் இங்கே கரையிறங்கியதன் நினைவாக ஜார்ஜ் விட்டெட் வரைந்த வாயில் இது. 1913-இல் அடிக்கல் நாட்டி, 1924-இல் திறந்தனர். உயரம் 26 மீட்டர். இவற்றையெல்லாம் அவர் ஒரே மூச்சில் சொன்னார். 1948 பிப்ரவரி 28-இல் இந்தியாவை விட்டுச் சென்ற கடைசிப் பிரிட்டிஷ் படை இதே வாயில் வழியாகத்தான் கப்பலேறியது என்பதையும் மறவாமல் சேர்த்தார். நல்ல வழிகாட்டி.

ரீகல் தியேட்டர் வட்டத்தைத் தாண்டியதும் பெரியப்பா கேட்டார்: "ஃபோர்ட், ஃபோர்ட்ங்கிறானே, கோட்டை எங்கடே?" அவர் 37 ஆண்டுகள் 'ஃபோர்ட்' என்று உறைமேல் முகவரி தட்டியவர்! வண்டியோட்டி சிரித்துவிட்டு, "கோட்டை இல்லை, பெயர்தான் இருக்கிறது" என்றார். உண்மை அதுவே. 1860-களில், பார்ட்டில் ஃபிரியர் கவர்னராய் இருந்த காலத்தில், சுவர்களை இடித்து அகழியைத் தூர்த்துவிட்டனர். செயின்ட் ஜார்ஜ் மருத்துவமனையருகே ஒரு துண்டுச் சுவர் எஞ்சியிருக்கிறது. அது எங்கள் வண்டியின் வழியில் இல்லை.

காலா கோடாவில் ஒரு வேடிக்கை. காலா கோடா என்றால் கருங்குதிரை. ஏழாம் எட்வர்டு இளவரசராயிருந்த காலத்தைக் குறிக்கும் குதிரைச் சிலை ஒன்று அங்கே நின்றது. 1965-இல் அதை அகற்றிப் பைகுல்லாத் தோட்டத்துக்குக் கொண்டுபோயினர். குதிரை போயும் இடத்தின் பெயர் போகவில்லை. பின்னர் 2017-இல் ஆளில்லாத கருங்குதிரை ஒன்றைப் புதிதாக வார்த்து நிறுத்தினர். குதிரையில்லாத வண்டியில் அமர்ந்து, ஆளில்லாத குதிரையைப் பார்த்துக்கொண்டு சென்றோம்.

அருகிலே வாட்சன் ஓட்டல். இரும்புச் சட்டங்களை இங்கிலாந்தில் வார்த்துக் கப்பலில் கொணர்ந்து 1860-களின் இறுதியில் பூட்டிய கட்டடம். 1896 ஜூலை 7-இல் லூமியேர் சகோதரரின் சலனப் படங்கள் இந்தியாவில் முதன்முதல் காட்டப்பெற்றது இங்கேதான். பாரிசில் காட்டி ஏழு மாதங்கூட ஆகவில்லை. நாங்கள் அதைக் காண எடுத்துக்கொண்ட நேரம் அரை நிமிடம்.

ராஜாபாய் கோபுரத்தைக் காட்டும்போது வண்டியோட்டி குரலைத் தாழ்த்திக்கொண்டார். பிரேம்சந்த் ராய்சந்த் என்னும் வணிகர் தம் தாயின் பெயரால் கட்டியது. தாய்க்குக் கண் பார்வை இல்லை. இருட்டுமுன் உண்ணும் சமண நோன்பு தவறாதிருக்க மணியோசையால் நேரம் அறிவாளாம். இக்கதையை யாவரும் சொல்வர். கேட்கவும் இனிமையாயிருக்கிறது. ஆனால் கோபுரத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது என்பது இதைவிடச் சுவையான கதை. 1861-இல் அமெரிக்காவில் உள்நாட்டுப் போர் மூண்டது. தென்மாநிலத் துறைமுகங்களை வடமாநிலக் கடற்படை அடைத்தது. லங்காஷயர் ஆலைகளுக்கு அமெரிக்கப் பருத்தி நின்றது. உடனே இங்கிலாந்து பம்பாய்ப் பருத்தியை நாடியது, விலை பன்மடங்காயிற்று, பம்பாயில் பணம் மழையாய்ப் பொழிந்தது. வந்த பணத்தை வைத்துக் கடலைத் தூர்க்கும் கம்பெனிகள் தொடங்கினர். கம்பெனிப் பங்கின் விலை ஏறுவதைக் கண்டு மேலும் பங்குகளை விற்றனர். 1865-இல் போர் முடிந்தது. பருத்தி விலை விழுந்தது, கம்பெனிகளும் வங்கிகளும் விழுந்தன, பிரேம்சந்தும் விழுந்தார். விழுமுன் அவர் அளித்த கொடையே 1878-இல் ஏறத்தாழ 85 மீட்டர் உயரக் கோபுரமாய் எழுந்து நின்றது. வர்ஜீனியாவில் அடிமைத்தளையை ஒட்டி நிகழ்ந்த போருக்கும் பம்பாய்ப் பல்கலைக்கழகத்தின் கோபுரத்துக்கும் உள்ள இவ்வுறவைச் சொல்ல மூன்று நிமிடமேனும் வேண்டும். வண்டி நிற்கவில்லை. தாயின் கதைக்கு இருபது விநாடி போதும்.

இதற்குப் பின்தான் என் மனத்தைவிட்டு நீங்காத நிகழ்ச்சி. மகாத்மா காந்தி சாலையில் ஒரு கட்டடத்தைக் காட்டி, அதன் வளைவுகளையும் தூண்களையும் பற்றி வண்டியோட்டி ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். பெரியப்பா மெல்ல முன்னே சாய்ந்து, "மூன்றாம் மாடி, இடது ஓரத்துச் சன்னல். பதினோரு வருசம் அங்கேதான் உட்கார்ந்து டைப் அடித்தேன்" என்று இந்தியிலேயே சொன்னார். வண்டியோட்டி மரியாதையுள்ளவர். திரும்பிப் பார்த்து, "அச்சா, பாபூஜி" என்றார். பிறகு அடுத்த கட்டடத்துக்குப் போய்விட்டார். அவர் மனப்பாடம் செய்த பாடத்தில் அந்தச் சன்னல் இல்லை. அதற்கு அவர் என்ன செய்வார்? பெரியப்பா மட்டும் அச்சன்னல் மறையும் வரை கழுத்தைத் திருப்பிப் பார்த்துக்கொண்டே வந்தார்.

அரை மணியில் மீண்டும் கேட்வே வந்துவிட்டது. "அவ்வளவுதானா?" என்றார் பெரியப்பா. "பாட்டரி வண்டி, அதற்குமேல் தாங்காது" என்று நான் பதில் சொன்னேன். சொல்லிவிட்டேனே தவிர, அது உண்மைதானா என்ற ஐயம் பின்னர் எழுந்தது. கணக்கிட்டுப் பார்த்தேன். அக்கணக்கை இங்கே தருகிறேன்.

வண்டியும் ஆறு பேருமாக 900 கிலோகிராம் என்று வைத்துக்கொள்வோம். சமதரையில் மெதுவாக ஓடும் வண்டிக்கு முதன்மையான தடை சக்கரம் உருளும்போது ஏற்படும் உராய்வே. நம் சாலைகளுக்கு அதன் கெழுவைத் தாராளமாக 0.02 எனலாம். எனவே இழுக்க வேண்டிய விசை 900 × 9.8 × 0.02, அதாவது ஏறக்குறைய 176 நியூட்டன். ஒரு கிலோமீட்டர் இழுத்தால் 1,76,000 ஜூல். மின்கட்டணச் சீட்டில் நாம் காணும் யூனிட் ஒன்று 36 லட்சம் ஜூல். ஆகவே இது 0.05 யூனிட். மோட்டாரில் வீணாவது, நின்று நின்று புறப்படுவது எல்லாவற்றுக்குமாக இதை இரட்டித்து 0.1 யூனிட் என்று கொள்வோம். பாட்டரியோ, எடுத்துக்காட்டாக, 48 வோல்ட், 100 ஆம்பியர்-மணி. இரண்டையும் பெருக்கினால் 4.8 யூனிட். பாட்டரியின் ஆயுளைக் கருதி அதில் ஐந்தில் நான்கு பங்கையே செலவிட்டாலும் 38 கிலோமீட்டர் ஓடலாம். கேட்வேயிலிருந்து மாட்டுங்கா கிங்ஸ் சர்க்கிள் 12 அல்லது 13 கிலோமீட்டர். போய் வரவே 26 கிலோமீட்டர்தான்!

ஆக, நான் பெரியப்பாவிடம் சொன்னது பிழை. பாட்டரி தாங்கும். தாங்காதது வேறு. அரை மணிக்கு ஒரு சவாரி என்றால்தான் வண்டிக்காரருக்குக் கட்டும். ஊர் பார்க்க வந்தவருக்கும் அதற்குமேல் நேரமில்லை. மணிக்கு 15 கிலோமீட்டரில் ஊரும் வண்டியை அம்பேட்கர் சாலையில் விட்டால் பின்னால் வரும் பேருந்துகள் ஒலியெழுப்பியே கொன்றுவிடும். இவை நியாயமான காரணங்களே. ஆயினும் ஒன்றை நாம் தெரிந்துகொள்ள வேண்டும். வரலாற்று நகரம் எங்கே முடிகிறது என்பதை வரலாறு முடிவு செய்யவில்லை. சவாரியின் கட்டணமும் நேரமும் முடிவு செய்தன. அவை வரைந்த வட்டத்தைத்தான் நாம் 'பழைய மும்பை' என்று நம்பி வீடு திரும்புகிறோம்.

வண்டி அங்கே நிற்பதும் இல்லை என்பது மற்றொன்று. ஹம்பியில் விட்டலர் கோயிலுக்குச் சென்றவர்களுக்குத் தெரியும். கல்தேருக்கு ஊறு நேராதபடி பிற வண்டிகளைத் தொலைவில் நிறுத்திவிட்டு, பாட்டரி வண்டியில் கொண்டுபோய் விடுகிறார்கள். ஓட்டுபவருள் அவ்வூர்ப் பெண்கள் பலர். அங்கே வண்டி நம்மைக் கோயில் வாசலில் இறக்கிவிடுகிறது; பார்ப்பது நம் காலும் கண்ணும். இங்கே பார்ப்பதே வண்டியிலிருந்துதான்.

நிற்க. மின்சார வண்டி இந்நகருக்குப் புதுமையா என்றால், அதுவும் இல்லை. பம்பாயில் குதிரை இழுத்த டிராம் 1874 மே 9-இல் தொடங்கியது. 1907 மே 7-இல் மின்சார டிராம் வந்தது. நம் சென்னை இதில் முந்திக்கொண்டது. அங்கே 1895 மே 7-இலேயே மின்சார டிராம் ஓடியது. பம்பாயின் கடைசி டிராம் 1964 மார்ச் 31-இல் போரிபந்தரிலிருந்து தாதர் வரை சென்று நின்றது. நாம் நாள்தோறும் 'தாதர் டி.டி.' என்று சொல்லிப் பேருந்தில் ஏறுகிறோமே, அந்த டி.டி. 'டிராம் டெர்மினஸ்' என்பதன் சுருக்கம். டிராம் நின்று அறுபது ஆண்டு கடந்தும் நடத்துநர் அந்நிலையத்தைக் கூவிக்கொண்டிருக்கிறார்!

1925 பிப்ரவரி 3-இல் இந்தியாவின் முதல் மின்சார ரயில் விக்டோரியா டெர்மினஸிலிருந்து குர்லாவுக்கு ஓடியது. 1,500 வோல்ட் நேர்மின்சாரம். 1928 ஜனவரியில் கொலாபாவுக்கும் போரிவிலிக்கும் இடையே, மாட்டுங்கா ரோடு வழியாக, மற்றொரு மின்பாதை திறந்தது. நீராவி ரயில் முன்பே இருந்தது. ஆனால் நீராவி எஞ்சினை ஒவ்வொரு முறையும் மறுமுனைக்குக் கொண்டுபோய் மாட்ட வேண்டும். நின்றால் வேகம் பிடிக்க நேரமாகும். மின்தொடருக்கு இருபுறமும் ஓட்டுநர் அறை உண்டு. அதன் தொடர்சுற்று மோட்டாரோ நின்ற நிலையிலேதான் மிகுந்த வலிமையோடு இழுக்கும். ஆகவே சிறுசிறு தொலைவில் நிலையங்களை வைத்து, அடிக்கடி வண்டி விட முடிந்தது. அதனால் விளைந்தது என்ன? கோட்டையில் வேலை பார்ப்பவன் கோட்டையருகே நெருக்கத்தில் வாழ வேண்டியதில்லை என்றாயிற்று. மாட்டுங்காவின் கதை இங்கே தொடங்குகிறது.

கேட்வேயில் இறங்கியபின் டாக்சியில் வி.டி. நிலையத்துக்கு வந்து, நின்று நின்று செல்லும் ரயிலில் ஏறினோம். பகல் நேரமாதலால் சன்னலோரம் கிடைத்தது. அங்கிருந்து மாட்டுங்கா எட்டாவது நிறுத்தம். இருபது நிமிடச் சொச்சம். வண்டியில் வாய் திறவாதிருந்த பெரியப்பா இப்போது வழிகாட்டியானார். பைகுல்லா வந்ததும், "உன் கருங்குதிரை இங்கேதான்டே இருக்கு" என்றார். சிஞ்ச்போக்ளி, கர்ரி ரோடு, பரேல் ஆகிய நிலையங்களில் ஆலைகள் இருந்த இடங்களைச் சுட்டினார். இப்போது அங்கே கண்ணாடிக் கட்டடங்கள் நிற்கின்றன. 1982 ஜனவரி 18-இல் தத்தா சாமந்த் தலைமையில் ஏறக்குறைய இரண்டரை லட்சம் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் தொடங்கினர். பல ஆலைகள் பின்னர் திறக்கவே இல்லை. "சங்கு ஊதுனா நேரம் தெரியும். அப்புறம் ஊதவே இல்ல" என்றார் பெரியப்பா. அவர் ஆலையில் வேலை பார்த்தவர் அல்லர். ஆயினும் அச்சங்கொலி நின்ற ஆண்டு அவருக்கு நினைவிருந்தது.

மாட்டுங்காவில் இறங்கினோம். 1896-இல் பம்பாயில் பிளேக் நோய் புகுந்து மக்கள் மாண்டதும், நெருக்கமே நோய்க்கு இடம் என்று கருதிய அரசினர் 1898-இல் நகரச் சீர்திருத்த டிரஸ்டை நிறுவினர். அது வகுத்தவற்றுள் தாதர்–மாட்டுங்காத் திட்டமும் ஒன்று. அகன்ற சாலை, வரிசை மரங்கள், கிங்ஸ் சர்க்கிள், ஐந்து தோட்டங்கள் எல்லாம் காகிதத்தில் முன்னரே வரைந்து பின்னர் எழுந்தவை. 1920-களிலும் 30-களிலும் இங்கே அடுக்குக் கட்டடங்கள் வந்தபோது, கோட்டைக் கம்பெனிகளிலும் அரசு அலுவலகங்களிலும் கணக்கும் கடிதமும் எழுதிய தென்னாட்டார் மின்ரயிலை நம்பி இங்கே குடியேறினர். ஒரு வீட்டுக்குள்ளேயே சமையலறையும் குளியலறையும் கழிப்பிடமும் அமைந்த குடியிருப்பை நடுத்தர மக்கள் பரவலாகக் கண்டது இப்பகுதியில்தான். குடியேறியவர்கள் சும்மா இருக்கவில்லை. 1932-இல் தென்னிந்தியக் கல்விச் சங்கம் தோன்றியது. 1940-இல் கபே மெட்ராஸ், 1942-இல் ராம நாயக்கின் உடுப்பி உணவகம் தொடங்கின. 1952-இல் சண்முகானந்த சபை அமைந்து 1963-இல் அதன் பேரரங்கு திறந்தது. 1990-இல் அது தீக்கிரையாகியும் 1998-இல் மீண்டும் எழுந்தது.

எல்லாம் இனிமை என்று எழுதினால் பொய்யாகும். 1966-இல் சிவசேனை தோன்றியபின் சில ஆண்டுகள், தென்னாட்டார் இம்மண்ணின் வேலைகளைப் பறித்துக்கொண்டனர் என்ற கிளர்ச்சி இந்நகரில் வலுவாக நடந்தது. பெரியப்பா வந்திறங்கியது அக்காலத்தில்தான். "தெருவில தமிழ் பேச வேண்டாம்னு அறைக்காரங்க சொல்லி வச்சிருந்தாங்க. ஒரு வருசம் மெதுவாத்தான் பேசுனேன்" என்று நிலையப் படியில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு அவர் சொன்னார். எங்கள் வீட்டில் எவருக்கும் இதை அவர் அதுவரை சொன்னதில்லை. கேட்வேயில் தொடங்கி அங்கேயே முடியும் சவாரி ஒன்றில் இச்சொல் வெளிவந்திருக்குமா என்று எண்ணிப் பார்க்கிறேன்.

"மாட்டுங்காவைப் பார்க்க எந்தச் சுற்றுலாக்காரன் வருவான்?" என்று விடுதி நண்பர் ஒருவர் கேட்டார். வரவேண்டாம். நான் சொல்வது நம்மவரைப் பற்றி. ஆண்டுதோறும் நம் மன்றம் புதிய மாணவர்க்கு ஊர் காட்டும் நாளில் கேட்வேயையும் கடற்கரையையும் காட்டி முடித்துவிடுகிறோம். அவர்களும் விருந்தாளிகள் போலப் பார்த்துவிட்டு வருகிறார்கள். படித்து முடிக்கும்வரை விருந்தாளிகளாகவே இருந்துவிடுகிறார்கள். நானும் அந்த டிசம்பர் வரை அப்படித்தான் இருந்தேன். தமிழர் கால் வைத்த இடம் மாட்டுங்கா மட்டுமன்று. சீர்திருத்தத் திட்டத்தின் அகன்ற சாலைகள் எட்டாத தாராவியில் தோல் பதனிடும் தொழிலுக்கு நெல்லைச் சீமையிலிருந்து வந்தவர்கள் பலர். டிரஸ்டின் வரைபடத்தில் இடம் பெற்றவனுக்கும் பெறாதவனுக்கும் நடுவே இருப்பது ஒரு ரயில் பாதையின் அகலம்தான். அதையும் அந்நாளில் காண வேண்டும். ஆனால் வண்டியிலிருந்து எட்டிப் பார்த்துப் படம் எடுப்பதற்காகப் போகக் கூடாது. அங்கு வாழும் நம் மாணவர் ஒருவர் அழைத்துச் சென்றால்தான் முறை.

பெரியப்பா நான்கு பேருடன் தங்கியிருந்த அறையின் கட்டடத்தைச் சென்ற திங்களில் போய்ப் பார்த்தேன். பச்சைத் துணி போர்த்து, இடிப்பதற்கு ஆயத்தமாக நிற்கிறது. படிக்கட்டு மரக்கைப்பிடியும் வாயிலில் தபால் பெட்டிகளின் வரிசையும் இன்னும் இருக்கின்றன. பெட்டிகளில் ஒன்றிரண்டின்மேல் தமிழ்ப் பெயர்கள் ஆங்கில எழுத்தில் மங்கலாய்த் தெரிகின்றன. படம் எடுத்துப் பெரியப்பாவுக்கு அனுப்பினேன். அவர் பெயர் இருந்த பெட்டி மேல்வரிசையில் மூன்றாவது என்று மறுமொழி வந்தது. அதில் இப்போது வேறு யாரோ பெயர்.

இவ்வாண்டு ஊர் காட்டும் நாளை இரண்டாகப் பிரிக்கலாம் என்று மன்றச் செயலரிடம் சொல்லியிருக்கிறேன். முற்பகல் கோட்டை; வண்டி கிடைத்தால் வண்டியில், இல்லையேல் நடந்து. பிற்பகல் 3 மணிக்கு மாட்டுங்கா நிலையத்தின் கிழக்கு வாயிலில் கூடி, பூக்கடைத் தெரு, கிங்ஸ் சர்க்கிள், சண்முகானந்த அரங்கு. நடக்க இயலாத தாத்தா பாட்டியை அழைத்து வருபவர்கள் முன்னரே தெரிவித்தால் சக்கர நாற்காலி ஒன்றுக்கு ஏற்பாடு செய்யலாம். அந்த மரக்கைப்பிடி அதுவரை இருக்குமா என்று ஒப்பந்தக்காரரைக் கேட்டேன். "தீபாவளி வரை இருக்கும்" என்றார்.